நார்மன் போட்ட ஆட்சேபணை

நார்மன் ஹெப்வர்த் பேருந்து ஓட்டிக்கொண்டிருந்தபோதே நகர மன்ற உறுப்பினரானவர். ஈரம் கசியும் வாடகை வீடுகளுக்காகப் பதினெட்டு ஆண்டுகள் அதிகாரிகளின் மேசையைத் தட்டியவர். அதை நம்பித்தான் கிராஸ்பெக் மக்கள் அவரை லண்டனுக்கு, நாடாளுமன்றத்துக்கு அனுப்பினார்கள். சனிக்கிழமை காலைகளில் ஊர் நூலகத்தின் பின்னறையில் உட்கார்ந்து குறை கேட்பார். பெயர், குறை, யார் மீது: மூன்றே கட்டங்கள் கொண்ட படிவம், அவரே வரைந்தது.

அன்று முதலில் வந்தவர் எட்னா ஸ்கோல்ஸ். அவர் கணவர் ஆல்பர்ட் கல்நார் (ஆஸ்பெஸ்டாஸ்) ஆலையில் இருபது வருடம் தூசு தின்று, மூச்சு முட்டிச் செத்தவர். அப்படிச் செத்தவர்களின் குடும்பங்களுக்கு இழப்பீடு கேட்கும் மசோதா முந்தின நாள் மதியம் அவைக்கு வந்தது. அரசு அல்லாமல் தனி உறுப்பினர்கள் கொண்டுவரும் இந்த வெள்ளிக்கிழமை மசோதாக்களுக்கு ஒரு விதி உண்டு. மணி இரண்டரை அடித்தபின் யாராவது ஒருவர் "ஆட்சேபிக்கிறேன்" என்று கத்தினால் போதும், மசோதா அங்கேயே முடிந்தது. காரணம் சொல்ல வேண்டாம், எழுந்து நிற்கவும் வேண்டாம். கத்தியவர் பெயர் அவைக்குறிப்பில் ஏறாது. கொலைக்கு வசதி செய்துவைத்துவிட்டு, அதற்கு மரபு என்று பெயரும் வைத்திருக்கிறார்கள்.

"எவன்ப்பா அவன்?" எட்னா கோட்டைக்கூடக் கழற்றவில்லை. "நீ உள்ளதான இருந்த?"

"இருந்தேங்க."

"அப்ப குரல் எந்தப் பக்கத்துலேர்ந்து வந்துச்சுன்னாவது தெரிஞ்சிருக்குமே. எதிர்க்கட்சிக்காரன்தான? சீமான் வீட்டுப் புள்ள எவனாச்சும் சாப்பிட்ட மப்புல கத்திருப்பான்."

நார்மன் பேனாவைத் திறந்தார். கட்சிக் கொறடா நேற்று அவர் பக்கத்தில் வந்து உட்கார்ந்து, முழங்காலைத் தட்டிச் சொன்னது காதிலேயே இருந்தது: "அமைச்சருக்கு இது புடிக்கல நார்மன். ஒரே ஒரு வார்த்தைதான். போக்குவரத்துத் துறைல துணை அமைச்சர் இடம் காலியாவுது. பஸ் ஓட்டுன ஆளு, உனக்கில்லாம யாருக்கு?"

வாயைத் திறந்த அந்த நொடியில் ஆல்பர்ட் நினைவுக்கு வரவில்லை என்றிருந்தால் கொஞ்சம் ஆறுதலாக இருந்திருக்கும். வந்தார். இருமிக்கொண்டே வந்தார்.

"எழுதுப்பா," என்றார் எட்னா. "வெளிய எட்டுப் பேரு நிக்கிறாங்க, எல்லாம் ஆலை வீட்டுப் பொம்பளைங்க. நார்மன் அவன் பேரைக் கண்டுபுடிச்சுத் தருவான்னு நாந்தான் கூட்டியாந்தேன்."

பெயரை எழுதினார். குறையை எழுதினார். மூன்றாவது கட்டத்தில் பேனா நின்றது. 'தெரியவில்லை' என்று எழுதிவிடலாம். நகர மன்ற அதிகாரிகள் அப்படித்தான் எழுதுவார்கள். அப்படி எழுதியதற்காகத்தான் அவர்கள் மேசையை அவர் தட்டியிருக்கிறார்.

தன் பெயரை எழுதி, படிவத்தை எட்னா பக்கம் திருப்பி வைத்தார்.

எட்னா ஒருமுறை படித்தார். மறுபடியும் படித்தார். நார்மன் தன் கைகளையே பார்த்துக்கொண்டிருந்தார். அழுகையோ அறையோ வந்திருந்தால் வாங்கிக்கொண்டிருப்பார். எட்னா எழுந்துபோய்க் கதவை அகலத் திறந்தார். வெளியே பேச்சு நின்றது.

"அதைப் படி," என்றார். "உரக்கப் படி. நேத்து உரக்கத்தான கத்துன?"

நார்மன் எழுந்து நின்றார். கதவுப் பக்கம் திரும்பிப் படிவத்தைத் தூக்கிப் பிடித்தார். படித்தார்.