புளியில் கழுவிய பாலாடைக்கட்டி

அறிவுள்ளவன் டப்பா திறக்கும் கருவியை வாங்கிவிட்டுத்தான் டப்பாவை வாங்குவான். நான் பாலாடைக்கட்டி டப்பாவை வாங்கி வந்து, வெட்டுக்கத்தியால் திறக்கப் போய், இப்போது இடது கட்டைவிரலில் பழைய வேட்டிக் கிழிசலைச் சுற்றிக்கொண்டு இதை எழுதுகிறேன். பல் போன வயதில் உமக்கு எதற்கு ஓய் இது என்று கேட்பீர். நாகர்கோவில் கடையில் அந்த டப்பாவைக் கண்டதும் கை தானாக நீண்டுவிட்டது. வேண்டாம் என்று சொல்ல வீட்டில் ஆளும் இல்லை.

திறந்ததும் அதே வாடை. மழைக்காலத்தில் பெட்டிக்குள் கிடந்த சட்டையில் மோரைக் கொட்டியது மாதிரி.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து முப்பதுகளின் தொடக்கத்தில், ஊரோரத்து மிஷன் பங்களாவின் சமையல்கட்டில்தான் அந்த வாடை எனக்குப் பழக்கமானது. அங்கே இருந்தவர் அமெரிக்காவின் தெற்குச் சீமையிலிருந்து வந்த ஒரு மிஸ்ஸியம்மா. பெண்பிள்ளைகளுக்குப் பாட்டும் தையலும் சொல்லிக்கொடுப்பார். கல்யாணம் செய்துகொள்ளாதவர். நான் தற்காலிகச் சமையல்காரன். பழைய ஆள் கொழும்புக்குப் போய்விட்டதால், அடுத்த ஆள் கிடைக்கும்வரை கஞ்சியைத் தீய்த்துக்கொண்டிருக்க எனக்கு அனுமதி.

அந்த வேலை எனக்கு நிலைக்க வேண்டியிருந்தது. சமையல்மேல் உள்ள பிரியத்தால் அல்ல. சமையல்கட்டுக்குப் பின்னால் சமையல்காரனுக்கென்று ஓர் அறை இருந்தது. ஓலைக்கூரை, ஒரு ஜன்னல், ஜன்னலுக்கு வெளியே ஓர் அயனிமரம். என் மனைவி எஸ்தர் திருவட்டாற்றில் தாய்வீட்டுக்குப் போய் ஓணமும் கடந்து கிறிஸ்துமஸும் கடந்திருந்தது. என் அண்ணன் வீட்டில், அண்ணி ஆளும் அடுக்களையில் அவளால் இருக்க முடியவில்லை. "தனியா ஒரு முறியாவது பாரும்" என்று ஓர் அறையைக் கேட்டுவிட்டுப் போனாள். அதற்கும் நான் ஏதோ கேலி சொன்னேன். என்ன கேலி என்பது மறந்துவிட்டது. அவள் முகம் மறக்கவில்லை.

மிஸ்ஸியம்மா ஒரு நாள் என்னைக் கூப்பிட்டு, அவருடைய அம்மா செய்யும் ஒரு பண்டத்தைச் செய்யச் சொன்னார். சரியாக வந்தால் வேலையும் அறையும் எனக்கு. வெள்ளை மக்காச்சோளக் குருணையைப் பாலில் வேகவைத்து, பாலாடைக்கட்டியும் கீரையும் உப்பிட்ட பன்றியிறைச்சியும் கலந்து, மேலும் கீழும் தீயிட்டுச் சுட வேண்டும். நாஞ்சில் நாட்டில் வெள்ளை மக்காச்சோளத்துக்கு எங்கே போவது? பச்சரிசி நொய்யைப் போட்டேன். கீரை, தோட்டத்துத் தண்டுக்கீரை. பன்றி, மிஸ்ஸியம்மாவே உப்பும் கருப்பட்டியும் தேய்த்து அடுப்புப் புகையில் தொங்கவிட்டது. அதை வறுத்த வாசத்துக்குப் பக்கத்துத் தெரு நாய்களெல்லாம் வேதத்தில் சேர வந்தவை போலப் படியில் உட்கார்ந்திருந்தன.

கடைசியில், சீமையிலிருந்து வந்த பாலாடைக்கட்டி டப்பாவைத் திறந்தேன். கப்பலிலேயே கெட்டுப்போயிற்று என்று முடிவுகட்டினேன். நம்மூரில் நாறுவதை என்ன செய்வோம்? சாளை மீனைக் கழுவுவதுபோல உப்பும் புளியும் போட்டு, சட்டியில் உரசி உரசிக் கழுவினேன். வாடை போயிற்று. எல்லாவற்றையும் சட்டியில் அடைத்து, கீழே சிரட்டைக்கனல், மூடிய தகரத்தின்மேல் சிரட்டைக்கனல்.

மேலே பொன்னிறமாய் முறுகி வந்தது. மிஸ்ஸியம்மா ஜெபம் பண்ணிவிட்டு ஒரு கரண்டி வாயில் வைத்தார்.

"இதில் ஏன் புளிக்கிறது?"

"வாட போவட்டும்னு புளி போட்டுக் கழுவினேன், அம்மா."

"பாலாடைக்கட்டிக்கு ஞானஸ்நானம் கொடுத்தீரோ?"

சிரித்தார். சிரித்துக்கொண்டே இருந்தவர் சட்டென்று கைக்குட்டையைத் தேடினார். பிறகு தட்டை வழித்துச் சாப்பிட்டார். "இந்த மேஜையில் நான் சிரித்து வெகுகாலமாயிற்று. அறையைப் பெருக்கிக்கொள்ளும்" என்றார்.

மறுநாளே மிச்சத்தைத் தூக்குச்சட்டியில் அடைத்துக்கொண்டு தக்கலைவரை பஸ், அங்கிருந்து நடை. மாமியார் வீட்டு முற்றத்தில் கதையை ஆடிக்காட்டினேன். "நல்லகாலம் அத்தான், மிஸ்ஸியம்மாவ புளி போட்டுக் கழுவல்ல!" என்றான் மைத்துனன். மாமியார்கூட வாயைப் பொத்திக்கொண்டார். கதவுநிலையில் சாய்ந்து நின்ற எஸ்தர் மட்டும் சிரிக்கவில்லை.

இந்த இடத்தில் மற்றதையெல்லாம் சொல்லிவிடுகிறேன். மிஸ்ஸியம்மா கப்பலேறிப் போய், அந்தச் சீமையிலேயே மண்ணானார் என்று கேள்வி. பங்களாவை இடித்துவிட்டார்கள். அயனிமரம் யார் வீட்டுக் கதவாயிற்றோ. எங்களைச் சிரிக்கவைத்த மைத்துனனும் போய்விட்டான். போன மழைக்காலத்தில் எஸ்தரை அடக்கம் செய்தார்கள், தாய்வீட்டுப் பக்கத்துக் கல்லறைத்தோட்டத்தில். நான் கடைசி வரிசையில் குடை பிடித்து நின்றேன். பக்கத்தில் நின்றவர், நீர் இறந்தவருக்கு என்ன வேணும் என்று கேட்டார்.

ஊர் சுற்றுகிறேன் என்று உமக்குத் தெரிந்துவிட்டது. சரி.

சிரிப்பு அடங்கியதும் தூக்குச்சட்டியை அவள் பக்கம் நகர்த்திவைத்து, "ஏட்டி, அறை கெடச்சாச்சு. வாறியா?" என்று கேட்டேன்.

"ஒத்த ஆளுக்கு அது போதும்" என்றாள்.