பளிங்குத் தரையில் மதாம்

பழைய கண்ணாடித் தகடுகளைச் சுடுநீரில் கழுவி, வெறும் கண்ணாடியாக்கிச் சட்டம் போடுபவரிடம் கொடுத்துவிடும்படி சித்தப்பா இந்த வாரம் சொன்னார். எல்லாரும் சுருள் பிலிமுக்கு மாறிவருகிறார்கள்; ஸ்டூடியோவிலும் இடமில்லை. நான் தகடுகளைப் பிரித்து வைத்தேன்: திருமணங்கள், கப்பல் ஊழியர்கள், ஊருக்கு அனுப்ப எடுத்த குழந்தைகள், சவப்பெட்டியருகே நின்ற குடும்பங்கள். எதிலும் சேராமல் ஒன்று மிஞ்சியது. வெளிச்சத்துக்கு நேரே பிடித்தேன். நெகடிவுக்கே உரிய கறுத்த முகமும் வெளுத்த கூந்தலுமாக, பெரிய பயா என்று நாங்கள் சொல்லும் பர்மியப் புத்தர் கோயிலின் பளிங்குத் தரையில் மதாம் நிற்கிறார். சுற்றிலும் தரை துப்புரவாக இருக்கிறது. அப்படி ஆக்கியது என் பென்சில்.

மதாம், சில வருஷங்களுக்கு முன் விளம்பரப் படங்களுக்காக எங்கள் ஸ்டூடியோவுக்கு வந்துபோன பிரெஞ்சு நடிகை, நாட்டியக்காரி. எங்கள் மொகல் தெருவில் எல்லாரும் அவரைத் துரைசாணி என்றார்கள். காரைக்காலில் பிறந்த என் அப்பா மட்டும் மதாம் என்றுதான் சொல்ல வேண்டும் என்றார். அப்பாவிடமும் கன்னியர் பள்ளியிலும் கற்ற பிரெஞ்சால் அவருக்கு உதவும் பொறுப்பு என்னிடம் வந்தது. தகடுகளைக் கழுவுவதும், நெகடிவில் முகச் சுருக்கங்களைப் பென்சிலால் நிரப்பி மறைப்பதும் நான் முறையாகக் கற்ற தொழில். மதாமின் முகத்தில் வேலை நிறைய இருந்தது. "நெத்தியை எடுத்துடு, கழுத்தை எடுத்துடு. சிரிப்புக் கோட்டை மட்டும் விட்டுடு, அதுக்கு ரொம்பப் பாடுபட்டிருக்கேன்" என்றார்.

உடை மாற்றும்போதெல்லாம் தம் வாழ்க்கையை முன்பின்னாகச் சொல்வார். நான் மனத்தில் வரிசைப்படுத்திக்கொண்டேன். சலவைக்காரியின் மகள். சிறு வயதிலேயே ஓர் அரங்கின் நாட்டியப் பள்ளி. பிறகு பாரிஸ் மேடைகள். சலனப் படங்களில் விஷம் குடிக்கும் மனைவி, ஜன்னலிலிருந்து குதிக்கும் மனைவி. யுத்தத்தின்போது காயம்பட்ட சிப்பாய்கள் முன் ஆட்டம். யுத்தம் முடிந்ததும் மேடையில் அவர் இடத்தில் இளையவர்கள். கடைசியாக, கப்பலேறிக் கீழ்த்திசை ஊர்களைச் சுற்றும் இந்தக் குழு.

ஒருநாள் அவருடைய வெள்ளைச் சாட்டின் காலணிகளை நகர்த்தியபோது வலது காலணி மட்டும் கனத்தது. உள்ளே ஓரமாகத் தோலைத் திணித்துத் தைத்திருந்தது. மதாம் பார்த்துவிட்டு, மறைக்காமல் காலை நீட்டினார். கடைசி இரண்டு விரல்கள் இல்லை. மேடைத் தரையில் இருந்த கதவு காலில் விழுந்ததாம்.

"குழு மேனேஜருக்குத் தெரியாது. தெரிஞ்சா சிங்கப்பூர் கப்பல்ல எனக்கு இடமில்ல. இந்த வயசுல வேற யாரும் கூப்பிடவும் மாட்டாங்க. வாயைத் திறக்காதே மகளே."

சிங்கப்பூர்ச் சுவரொட்டிக்குப் பயாவில் எடுத்த படம் வேண்டும் என்று மேனேஜர் துரை சொன்னதில்தான் சிக்கல் தொடங்கியது. பயாவில் காலணியும் கூடாது, காலுறையும் கூடாது. அதற்காகவே பல வெள்ளைக்காரர்கள் வாசலோடு திரும்பிவிடுவார்கள். தலைவலி என்று சொல்லிவிடலாமே என்றேன். "சொன்னா, வேற ஒருத்தியை நிக்க வைப்பார்" என்றார் மதாம். பிறகு அவரே வழி கண்டார். பர்மிய ஆட்டக்காரிகள் பாதம் தெரியாமல், தரையில் புரளும் நீண்ட தமெயின் பாவாடை உடுத்துவதை அவர் பார்த்திருந்தார். எங்கள் தெரு ஆட்டக்காரி ஒருவரிடம் பட்டுத் தமெயின் ஒன்றை இரவல் வாங்கி வந்தேன்.

படிக்கட்டருகே பூ விற்ற அம்மாள், "இதோட ஏறினா படியெல்லாம் கூட்டிவிட்ட புண்ணியமும் சேரும்" என்று பர்மியத்தில் கேலி செய்தார். நான் மொழிபெயர்த்ததும் மதாம் சத்தமாகச் சிரித்தார். மேலே சித்தப்பா கேமராவோடு காத்திருந்தார். பிறந்த கிழமைக்குரிய புத்தர் சிலைக்குப் பலர் நீர் ஊற்றியிருந்ததால் வழியில் பளிங்கு நனைந்திருந்தது. இரவல் பட்டு பாழாகக் கூடாதே என்று மதாம் அதைக் கொத்தாகத் தூக்கிப் பிடித்து ஈரத்தைக் கடந்தார். காய்ந்த இடத்தில் சில அடி நடந்து, திரும்பி நின்று, தமெயினை விரித்துவிட்டார். "அசையாதீங்கம்மா. மூச்சை விடலாம், சிரிப்பை விடக்கூடாது" என்றார் சித்தப்பா. படம் பதிந்தது.

மேனேஜருக்கு வெறுங்காலில் நடந்து பழக்கமில்லை. வழுக்கிவிடுமோ என்று தரையையே பார்த்தபடி குழுவோடு பின்னால் வந்தவர் நின்றுவிட்டார். காய்ந்த பளிங்கில் ஈரத் தடங்கள். இடதில் ஐந்து விரல், வலதில் மூன்று.

"மதாம், மிச்ச ரெண்டையும் எங்க விட்டுட்டு வந்தீங்க?" என்றார், குழு முழுவதும் கேட்கும்படி.

"மார்சேய் மேடையில. அன்னைக்கும் ஆட்டத்தை முடிச்சிட்டுத்தான் இறங்கினேன்."

யாரும் சிரிக்கவில்லை.

மறுநாள் மேனேஜர் ஸ்டூடியோவுக்கு வந்தார். தரையில் தெரியும் தடங்களை எடுத்துவிட வேண்டும், அதே படம்தான் சுவரொட்டிக்கு என்றார். மதாமும் சிங்கப்பூருக்கு வருகிறாரா என்று கேட்டேன். "அவங்களுக்கு ஓய்வு வேணும்" என்றார். நான் ஒவ்வொரு தடமாக நிரப்பினேன். சிங்கப்பூருக்கு அவருடைய படம் போனது. அவர் போகவில்லை.

பிரான்சுக்குக் கப்பலேறும் முன் மதாம் விடைபெற வந்தார். காலில் விரல்கள் தெரியும் பர்மிய வெல்வெட் செருப்பு. அந்த மூன்று விரல்களை மொகல் தெரு முழுவதும் பார்த்திருக்கும். படத்தின் பிரதியைக் கொடுத்தேன். அதில் தம் முகத்தைப் பார்க்காமல், பளிங்குத் தரையையே வெகுநேரம் பார்த்தார். "அழகா இருக்கு. ஆனா நான் நடந்தே வரலையே மகளே. யாரோ தூக்கிவந்து வச்ச மாதிரி நிக்கறேன்" என்று மேசைமேல் வைத்துவிட்டுப் போனார். அதன்பின் அவரைப் பற்றி ஒரு தகவலும் இல்லை.

இன்று பஞ்சில் டர்பன்டைன் தொட்டுத் தகட்டின் கீழ்ப்பகுதியைத் துடைத்தேன். முகத்தைத் தொடவில்லை, அது அவரே கேட்ட வேலை. பென்சில் கரி பஞ்சுக்கு ஏற ஏற, தடங்கள் ஒவ்வொன்றாக வெளிவந்தன. பிறகு ஒரு பிரதி எடுத்துக் காயப்போட்டேன்.

சித்தப்பா எட்டிப் பார்த்தார். "என்னம்மா, தரையெல்லாம் அழுக்கா இருக்கே?"

"அது மதாம் நடந்து வந்தது, சித்தப்பா" என்றேன்.