குழந்தைவேல் ஏலத்தில் எடுத்த வீடு

குழந்தைவேல் பெரிய தப்பு ஒன்றும் செய்துவிடவில்லை. காகிதம் கைக்கு வந்தால் சாவியும் வந்துவிடும் என்று நம்பினார், அவ்வளவுதான். நெய்வேலி குவார்ட்டர்ஸில் முப்பது வருஷம் இருந்தவர். அங்கே அலாட்மென்ட் ஆர்டரை நீட்டினால் சாவியை எடுத்துக் கொடுத்துவிடுவார்கள். வெளியுலகமும் அப்படித்தான் என்று நினைத்துவிட்டார்.

2012இல் பக்கத்தூரான வடக்குத்தில் ஒரு வீடு வங்கி ஏலத்துக்கு வந்தது. பி.எஃப். பணத்தையெல்லாம் போட்டு எடுத்தார். ரிடையர் ஆனால் குவார்ட்டர்ஸைக் காலி செய்தாக வேண்டும்; அவருக்கும் மனைவி ராஜாம்பாளுக்கும் போக வேறு இடம் கிடையாது. அறிவிப்பில் இருந்த பெயர் சிங்காரவேலு. மருமகனின் முந்திரி வியாபாரக் கடனுக்காக வீட்டை அடமானம் வைத்துவிட்டுச் செத்துப்போனவர். வங்கிக்காரர் காட்டக் கூட்டிப்போன அன்று வாசல் பூட்டியிருந்தது. உள்ளே குடியிருப்பது யார் என்று இவரும் விசாரிக்கவில்லை.

குடியிருந்தவர் சிங்காரவேலுவின் மகன் கொளஞ்சிநாதன். எங்களுக்கு அடுத்த ஷிப்டில் வரும் ரிலீவர்.

நானும் குழந்தைவேலும் சுரங்கத்தில் ஒரே ஷிப்டில் பம்ப் ஆபரேட்டர்கள். தண்ணீர் இறைப்பது ஒரு நிமிஷம்கூட நிற்கக் கூடாது. அடுத்த ஷிப்டுக்காரர் வந்து சார்ஜ் எடுக்காமல் நாங்கள் நகர முடியாது. போகிறவர் எந்தப் பம்பில் என்ன கோளாறு என்று ஒன்று விடாமல் சொல்ல வேண்டும். வருகிறவர் "வேற ஏதாச்சும்?" என்று கேட்பார். கடைசியில் "எடுத்துக்கினேன்" என்று சொல்லிக் கையெழுத்துப் போட்டால்தான் போகிறவருக்கு விடுதலை. கோளாறை மறைத்துக் கொடுத்தவனை எங்கள் பம்ப் ஹவுஸில் மனுஷனாகவே மதிக்க மாட்டோம்.

ஏலம் முடிந்த வாரம் சார்ஜ் எடுக்க வந்த கொளஞ்சிநாதன் கேட்டார். "எங்க வூட்டையாண்ணே எடுத்த?"

"உன் வூடுன்னு தெரியாது கொளஞ்சி."

"தெரிஞ்சிருந்தா வுட்டிருப்பியா?"

குழந்தைவேல் சார்ஜ் நோட்டை அவர் பக்கம் தள்ளினார். கொளஞ்சிநாதன் கையெழுத்துப் போட்டார். அதற்கப்புறம் இருவருக்கும் பம்பைத் தவிர வேறு பேச்சே இல்லை.

கொளஞ்சிநாதன் சென்னைக்குப் போய்க் கடன் தீர்ப்பாயத்தில் ஸ்டே வாங்கினார். அதை உடைக்க மூன்று வருஷம் ஆனது. அது உடைந்ததும் கொளஞ்சிநாதனின் தங்கை, அப்பா சொத்தில் எனக்கும் பங்குண்டு என்று விருத்தாசலத்தில் கேஸ் போட்டாள். கடன் வாங்கியதே அவள் புருஷன்தான்! வங்கியில் கேட்டால், "உள்ளது உள்ளபடிதானே வாங்குனீங்க?" என்றார்கள். வக்கீலோ, "சொத்து உங்களுதுதாங்க, சுவாதீனம் மட்டும்தான் இன்னும் வரல" என்றார். அதைச் சொல்ல ஒரு வக்கீலா? குழந்தைவேல் நைட் ஷிப்ட் முடித்துத் தூங்காமல் பஸ் ஏறுவார். அங்கே வாய்தா என்பார்கள். திரும்பி வருவார். வீட்டு வரி மட்டும் தவறாமல் அவர் பெயருக்கு வந்தது.

"ஆத்திரம் தீர ஒரு நாளாவது அவன் லேட்டா வரமாட்டானான்னு பாக்கறேன்" என்றார் ஒருமுறை என்னிடம். "ஸ்டே வாங்கிட்டு வந்த அன்னிக்கும் பத்து நிமிஷம் முன்னாடியே வந்து நிக்கிறான். கோவப்படக்கூட வுட மாட்டேங்கறான்."

எனக்கு இருவர் மேலும் எரிச்சல்தான். ஒருவர் விடவும் முடியாமல், ஒருவர் வாங்கவும் முடியாமல், ஏழு வருஷத்தில் இரண்டு பேருக்கும் தலை நரைத்துப்போனது.

கடைசியில் 2019 மார்ச்சில் அந்தக் கேஸும் தள்ளுபடியாகி, வீட்டை ஒப்படைக்கச் சொல்லி உத்தரவு வந்தது. குழந்தைவேல் ரிடையர் ஆக இரண்டு மாதம் இருந்தது. கோர்ட் அனுப்பிய வக்கீல், இரண்டு போலீஸ்காரர்கள், பூட்டை உடைக்க ஓர் ஆள் என்று கிளம்பினார்கள். சாட்சிக்கு நானும் போனேன். உடைக்க வேலையே இருக்கவில்லை. கொளஞ்சிநாதன் சாமான்களை மினி லாரியில் ஏற்றிவிட்டு வாசலில் நின்றிருந்தார். சாவியை வக்கீலிடம் கொடுக்கவில்லை.

"சார்ஜ் எடுத்துக்கண்ணே" என்றார். "மோட்டார் காத்து புடிக்கும், போடறதுக்கு முன்னாடி ஒரு செம்பு தண்ணி ஊத்து. பின்னாடி ரூம்ல மழ பெஞ்சா மூலயில ஒழுவும். கொல்லக் கதவ கொஞ்சம் தூக்கித்தான் தாப்பா போடணும்."

குழந்தைவேலுக்கு வார்த்தை தானாகவே வந்தது. "வேற ஏதாச்சும்?"

கொளஞ்சிநாதன் உள்ளே ஒருமுறை பார்த்தார். "நடு ரூம்லதான் எங்கப்பாரு உசுரு போச்சு. மறைக்கக் கூடாது இல்ல, சொல்லிட்டேன்."

வக்கீல் கடிகாரத்தைப் பார்த்தார். கொளஞ்சிநாதன் நகரவில்லை; அந்த வார்த்தையைக் கேட்காமல் அவரால் போக முடியாது.

"எடுத்துக்கினேன்" என்றார் குழந்தைவேல். சாவி கைமாறியது. லாரி கிளம்பியது.

பால் காய்ச்சட்டுமா என்று கூட வந்திருந்த ராஜாம்பாள் கேட்டாள். இன்னொரு நாள் பார்க்கலாம் என்று சொல்லிவிட்டார்.

மறுநாள் எங்களுக்கு முதல் ஷிப்ட். மதியம் இரண்டுக்குப் பத்து நிமிஷம் முன்னதாகவே கொளஞ்சிநாதன் வந்தார். இரண்டாம் நம்பர் பம்ப் சூடாகிறது என்று சொல்லி முடித்தார் குழந்தைவேல்.

"வேற ஏதாச்சும்?"

"வூட்ல மோட்டார் போட்டேன் கொளஞ்சி. ஒரு செம்பு தண்ணி ஊத்துனதும் ஓடுச்சி."

கொளஞ்சிநாதன் தலையாட்டிவிட்டு, நோட்டை இழுத்துக் கையெழுத்துப் போட்டார்.