டியூப் யார் கையில்?

என் கையெழுத்து கோணலாக இருக்கும். ஐந்தாம் வகுப்போடு கடலுக்குப் போய்விட்டேன். பிழைகளைத் திருத்திப் படித்துக்கொள்ளுங்கள். படத்தில் நடிக்க ஆசைப்படும் நம் திரேஸ்புரத்துப் பிள்ளைகள் கேட்டுக்கொண்டே இருப்பதால் எழுதுகிறேன்.

நான் சங்கு குளிப்பவன். வள்ளத்தில் கம்ப்ரஸர் ஓடும். அதிலிருந்து வரும் காற்று டியூபை இடுப்பில் சுற்றி, நுனியைப் பல்லில் கடித்துக்கொண்டு அடியில் சங்கு தேடுவேன். மேலே டியூபைப் பிடித்திருப்பவர் லூர்து மச்சான், என் மனைவியின் அண்ணன். கயிறு கட்டி முத்துக் குளித்த காலத்திலிருந்தே எங்கள் பக்கம் மச்சான்தான் பிடிப்பார். தங்கை விதவையாக எந்த அண்ணனும் விடமாட்டான் என்ற நம்பிக்கை.

பிரான்சிலிருந்து ஒரு டைரக்டர் அம்மா வந்தார். பெரும்பாலும் நிஜ ஆட்களை வைத்து, டாகுமெண்டரி போலவே கதைப்படம் எடுப்பவர். குளிப்பவன் வேடம் எனக்கு. என் மனைவி தெரு முழுக்கச் சொல்லிவிட்டாள்.

முதல் நாள் வள்ளத்தில் ஏறினால், மச்சான் வேடத்துக்குச் சென்னையிலிருந்து ஓர் அழகான நடிகர். டியூப் அவர் கையில். எனக்கு யாரிடமும் எதிர்த்துப் பேச வராது. முகக்கண்ணாடியை மாட்டிக்கொண்டு, குதிக்காமல் உட்கார்ந்துவிட்டேன்.

மொழிபெயர்க்க வந்த புதுச்சேரித் தம்பி, "சாயங்காலத்துக்குள்ள குதிக்கலைன்னா வேற ஆளைப் பார்க்கணும்னு மேடம் சொல்றாங்க" என்றார்.

பக்கத்து வள்ளத்தில் இருந்த மச்சான் சத்தம் போட்டார்: "ஏலே மாப்ள, எந் தங்கச்சி தாலிய அந்த அழகன் கையில குடுத்துட்டு முங்கப் போறியாக்கும்?"

"மாட்டேன்" என்றேன். சினிமாவில் நான் பேசிய முதல் வசனம் அதுதான். தம்பி காரணத்தை விளக்கினார். அந்த அம்மா மச்சானைக் கொஞ்ச நேரம் பார்த்தார். கிழிந்த பனியன், முன்பல் கிடையாது. பிறகு கையசைத்து எங்கள் வள்ளத்துக்கு அழைத்துவிட்டார்.

நடிகர் கோபப்படவில்லை. "அண்ணே, அப்ப நான் என்ன பண்றது?"

"கம்ப்ரஸர்ல டீசல் இருக்கான்னு பாத்துக்கிட்டே இருங்க தம்பி. அதுவும் பெரிய வேசந்தான்" என்றார் மச்சான்.

முங்கினேன். மூச்சு முட்டுவது போல் நடிக்கச் சொல்லியிருந்தார்கள். கையைக் காலை உதறினேன். டியூப் ஆடியது. உடனே சூரை மீனை இழுப்பது போல் மச்சான் என்னை மேலே இழுத்துப் போட்டுவிட்டார்.

"நடிப்பு மச்சான்!"

"நடிப்போ நெசமோ, டியூப் ஆடுனா தூக்குவேன். படம் புடிக்கான்னு பாத்துக்கிட்டா இருக்கச் சொல்லுத?" என்று கேமராவையும் சேர்த்துத் திட்டினார். மேடம் கட் சொல்லவே இல்லை.

படத்தைப் போட்டுக் காட்டியபோது எல்லாரும் மச்சானுக்குக் கைதட்டினார்கள். நான் வெறும் கண்ணாடியும் குமிழியுமாக இருந்தேன். மனைவி மட்டும், "அந்தக் காலு உங்க காலுதான்" என்றாள்.

அந்தக் காலை நம்பியோ என்னவோ, பிறகு வந்த பிரெஞ்சுக்காரர்களும் என்னைக் கூப்பிட்டார்கள். படகு தள்ளினேன், மீன்கூடை தூக்கினேன், ஒரு படத்தில் பிணமாகக் கிடந்தேன். பிணம்தான் எனக்குச் சுலபம். யார் முகத்தையும் பார்க்க வேண்டியதில்லை.

பிள்ளைகளே, கூப்பிட்டால் போங்கள். முகம் தெரியாவிட்டாலும் பரவாயில்லை. டியூப் யார் கையில் என்று மட்டும் முதலில் கேளுங்கள். அந்தக் கையில் நம்பிக்கை இல்லாவிட்டால் வாயைத் திறந்து மாட்டேன் என்று சொல்லுங்கள்.

எழுதி முடித்தது: மாதா கோவில் திருவிழாக் கொடி இறக்கிய மறுநாள், கடலுக்குப் போகாத ஞாயிற்றுக்கிழமை.