வேனில் ஐந்து பேர்

எங்கள் அக்கா மறைந்து ஓராண்டு நிறைகிறது. நாலு பேர் முன்னால் நின்று பேச எனக்கு வராது என்பது உறவினர்களுக்குத் தெரியும். அதனால் எழுதுகிறேன்.

தொட்டியத்தில் வாழை விவசாயக் குடும்பத்தில் மூத்த பிள்ளையாக அக்கா பிறந்தார். பத்தாவது வரை படித்தார். மாமாவுக்குப் பொன்மலை ஒர்க்‌ஷாப்பில் வேலை என்பதால் திருமணத்துக்குப் பிறகு இருபது வருடங்களுக்கு மேல் ரயில்வே குடியிருப்பில் இருந்தார். அங்கே பெண்கள் கோயிலுக்குப் புறப்பட்டால், வேன் பிடிப்பதா பஸ்ஸில் போவதா என்று அக்காவிடம்தான் கேட்பார்கள். "எத்தனை பேரு வர்றீங்க? அதை முதல்ல சொல்லுங்க" என்பார். வேன் வாடகை எத்தனை பேரானாலும் மாறாது, பஸ் டிக்கெட் ஆளுக்கு ஆள் கூடும் என்று விரலை மடக்கியபடியே பதில் சொல்லிவிடுவார்.

மாமா காலமானபின் தொட்டியத்துக்கே திரும்பினார். தனியாளாக நின்று மகளைப் படிக்க வைத்துக் கட்டிக்கொடுத்தார். அதன்பிறகு சிறுநீரகம் பழுதானது. செவ்வாயும் வெள்ளியும் திருச்சிக்குப் போய் டயாலிசிஸ் செய்ய வேண்டியதாயிற்று. சிகிச்சை காப்பீட்டில் நடந்தது. போய்வரும் செலவு எங்களுடையது.

துணைக்கு நான் போனேன். எங்கள் வழியில் ஐந்து நோயாளிகள் சேர்ந்து ஒரு வேன் வைத்திருந்தோம். அக்கா, தொட்டியம் டெய்லர், காட்டுப்புத்தூர் அம்மா, முசிறிப் பெரியவர், குணசீலம் டீச்சர். ஒரு தடவை போய்வர வாடகை இரண்டாயிரத்து நானூறு. துணைக்கு வருகிறவர்களுக்குக் கணக்கில்லை. பஸ்ஸில் போனால் துணை ஆளுக்கும் சேர்த்து, சத்திரம் பஸ் ஸ்டாண்டிலிருந்து ஆட்டோவோடு ஐந்நூறு ஆகும்.

"அஞ்சு பேர் இருந்தா நானூத்தி எம்பது, வேன் லாபம். நாலாச்சுன்னா பஸ்ஸுதான்" என்று முதல் நாளே அக்கா சொன்னார்.

"அதெல்லாம் யாரும் குறைய மாட்டோம், நீங்க வாங்க" என்றார் டெய்லர்.

மழைக்காலத்தில் முசிறிப் பெரியவர் இறந்துபோனார். அடுத்த வெள்ளிக்கிழமை டெய்லர்தான் தயங்கியபடி ஆரம்பித்தார்.

"இனிமே நாலு பேரு, அக்கா. தலைக்கு அறுநூறு."

"இருங்க, அஞ்சாவே வகுங்க. இன்னும் அவருக்குக் காரியம் முடியல."

"அஞ்சா வகுத்தா அவரு பங்கை யாரு குடுக்குறது?"

"அந்த நானூத்தி எம்பதை நாம நாலு பேரும் பிரிச்சுக்குவோம்."

டெய்லர் சிரித்துவிட்டார். "அக்கா, நானூத்தி எம்பதும் நூத்தி இருவதும் அதே அறுநூறுதானே!"

"தெரியுதுப்பா. எடுத்த உடனே நாலுன்னு சொல்ல வாய் வரல."

காரியம் முடியும்வரை அப்படித்தான் வகுத்தோம். காட்டுப்புத்தூர் அம்மா போகும் நாளெல்லாம் சுருக்குப் பையை இரண்டு முறை திறந்து, இரண்டு தடவையாகக் கொடுத்தார்.

அக்கா சொன்ன கணக்குப்படி நாங்கள் பஸ்ஸுக்கு மாறியிருக்க வேண்டும். ஒருமுறை போயும் பார்த்தோம். திரும்பும்போது உட்கார இடமில்லை. டயாலிசிஸ் முடிந்து பிரஷர் இறங்கியிருந்த அக்கா ஸ்ரீரங்கம் வருவதற்குள் கம்பியைப் பிடித்தபடியே சரிந்துவிட்டார். மறுபடி வேனுக்கே வந்தோம்.

அதற்குள் டீச்சர் திருவெறும்பூரில் இருக்கும் மகன் வீட்டுக்கே போய்விட்டார். மூன்று பேர். எண்ணூறு ரூபாய்.

"வாரம் ஒரு தடவை போனா போதாதா?" என்று அக்கா டாக்டரிடம் கேட்டார். அவர் திட்டினார். நான் தருகிறேன் என்றேன். "உன்கிட்ட என்ன இருக்குன்னு எனக்குத் தெரியாதா? சும்மா இரு" என்றார். நான் சும்மாதான் இருந்தேன்.

ஒருநாள் டிரைவர் தம்பி வண்டி ஓட்டியபடியே சொன்னார்: "தாத்தையங்கார்பேட்டையில புதுசா ஒருத்தருக்கு டயாலிசிஸ் எழுதியிருக்காங்களாம். நம்மகூட சேர்ந்தா எல்லாருக்கும் குறையும்."

எங்கள் எல்லோர் முகமும் மலர்ந்தது.

"இதுக்குப் போய் சந்தோஷப்படுறோமே" என்றார் அக்கா. சற்றுநேரம் கழித்து, "வந்தா ஜன்னலோரம் உக்கார வைங்க. முதல் தடவை பயமா இருக்கும்" என்றார்.

ஆனால் அந்தப் புது நோயாளி நாமக்கல் ஆஸ்பத்திரியில் சேர்ந்துவிட்டார்.

கடைசியாக அக்காவுக்கு மூச்சு வாங்கியபோது வேன் வந்தது. மகளும் வந்து சேர்ந்துவிட்டாள். கையில் பணமும் இருந்தது, ஆஸ்பத்திரியில் டாக்டரும் பக்கத்திலேயே இருந்தார். ஒன்றும் செய்ய முடியவில்லை. இதய இயக்கம் நின்றுவிட்டது என்றார்கள்.

அந்த நாட்களில் அக்காவைத் தாங்கிப் பிடித்த டயாலிசிஸ் பிரிவு நர்ஸ் சகோதரிகளுக்கும், காத்திருந்த நேரத்துக்குக் கூலி கேட்காத டிரைவர் தம்பிக்கும், எங்கள் வீட்டுத் துக்கத்தில் உடனிருந்த உறவினர்கள், நண்பர்கள் எல்லோருக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி.

கூடவே ஒரு வேண்டுகோள். வேனில் இப்போது டெய்லரும் காட்டுப்புத்தூர் அம்மாவும் மட்டுமே போகிறார்கள். ஆளுக்கு ஆயிரத்து இருநூறு ஆகிறது. செவ்வாய், வெள்ளி காலையில் தொட்டியத்திலிருந்து புறப்படும். ஏறுகிறவர் நோயாளியாக இருக்க வேண்டியதில்லை. மார்க்கெட்டுக்கோ, வேலைக்கோ, ஸ்ரீரங்கம் கோயிலுக்கோ போகிறவர்கள் பஸ்ஸுக்குக் கொடுப்பதைக் கொடுத்து ஏறிக்கொள்ளலாம். தெரிந்தவர்களிடமும் சொல்லுங்கள்.

போன வெள்ளிக்கிழமை டெய்லர் வரவில்லை என்று டிரைவர் தம்பி சொன்னார்.