தமிழ்வாணியக்காவும் கருப்புப் பட்டையும்

என் கடைக்கு வருகிறவர்களில் பாதிப்பேருடைய போனில் ஒரு கோளாறும் இருக்காது. செல்லூரில் தறி ஓடுகிற சந்து ஒன்றின் முனையில் செல்போன் ரிப்பேர் கடை வைத்திருக்கிறேன். பெயர் ஆன்சி. மெயின் ரோட்டில் ஒருவன் கண்ணாடிக் கதவும் ஏசியுமாகப் பெரிய கடை திறந்திருக்கிறான். எல்லோரும் புதுப் போனை அங்கேதான் வாங்குவார்கள். வாங்கியது புரியவில்லை என்றால் மட்டும் என்னிடம் வந்து நிற்பார்கள். அவன் கடையைத் தாண்டிப் போகும்போதெல்லாம் எனக்கு வயிறு எரியும். இதில் மறைக்க என்ன இருக்கிறது? அதனாலேயோ என்னவோ, பொறாமைக்காரர்களைக் கண்டால் எனக்கு ஒரு தனிப் பாசம்.

அந்த வகையில் இந்தச் சந்தில் எனக்கு ரொம்ப வேண்டியவர் தமிழ்வாணியக்கா. என் கடைக்கு எதிர்வீட்டில் ஜாக்கெட் தைக்கிறார். கோயிலில் பெண்கள் முன்னால் நின்று கும்பிட்டால், அக்காவின் கண் சாமியைத் தேடாது. முன்னால் நிற்பவர்களின் முதுகுத் தையலைத் தேடும். வேறு கை தைத்த ஜாக்கெட் என்று தெரிந்துவிட்டால் அந்தப் பெண்ணோடு ஒரு மாதம் பேச்சு கிடையாது. ஒருநாள் அவருடைய வீட்டுக்காரர் நல்லகாமன் அண்ணன், பக்கத்து வீட்டிலிருந்து வந்த மீன்குழம்பை வாய் தவறிப் புகழ்ந்துவிட்டார். அந்த வாரம் முழுக்க அந்த வீட்டில் மீன்குழம்புதான். "இப்ப சொல்லுங்க, எது நல்லாருக்கு?" என்று தினமும் கேள்வி வேறு. பாவம், அந்த மனிதர் முள்ளோடு விழுங்கினார்.

அக்கா பிறந்தது செக்கானூரணிப் பக்கம். கூடப் பிறந்தது ஒரே அண்ணன், மொக்கைச்சாமி. அண்ணன் என்றால் அக்காவுக்கு அப்படி ஒரு உரிமை. அண்ணனுக்குக் கல்யாணம் ஆன அன்று புதுப்பெண் தன் கையால் அவருக்குச் சோறு போட்டதைப் பார்த்துவிட்டு, சாப்பிடாமல் இலையை மூடி எழுந்து போனவர் இவர். அதை அக்காவே என்னிடம் சொல்லிச் சிரித்திருக்கிறார். சிரித்து முடித்ததும், "இருந்தாலும் அவ அன்னைக்கே போட்டுருக்க வேணாம்ல?" என்றார்.

அப்படிப்பட்ட அண்ணனோடு பேச்சில்லாமல் போய் இரண்டு வருடம் ஆகிறது. மொக்கைச்சாமி லோடு வண்டி வைத்திருக்கிறார். ஊர் ஊராகப் போய்ப் பூ மூட்டைகளை ஏற்றி மாட்டுத்தாவணிப் பூ மார்க்கெட்டில் இறக்குவதுதான் தொழில். அக்கா வயசுக்கு வந்த தன் மகளுடைய சடங்குக்கு நல்ல முகூர்த்த நாளாகப் பார்த்துக் குறித்தார். பூ வண்டிக்காரனுக்கு முகூர்த்த நாளன்று மூச்சு விடக்கூட நேரம் இருக்காது என்பதை யாரும் யோசிக்கவில்லை, அந்த அண்ணன் உட்பட. லோடை இறக்கிவிட்டு, சீர்த்தட்டும் மேளமுமாக அவர் மண்டபத்துக்கு வந்து சேர்வதற்குள் நேரம் முடியப்போனது. அக்கா பதறிப்போய்ச் சித்தப்பா மகனைக் கூப்பிட்டு மாலையைப் போடச் சொல்லிவிட்டார். தாய்மாமன் போட வேண்டிய முதல் மாலையைப் பங்காளி போட்டதை வாசலில் நின்று பார்த்தார் மொக்கைச்சாமி. மேளத்தை நிறுத்தச் சொன்னார். சீர்த்தட்டுகளை அப்படியே திருப்பி வண்டியில் ஏற்றிக்கொண்டு போய்விட்டார். அதற்குப் பிறகு தங்கையை மார்க்கெட்டில் எதிரே பார்த்தாலும் பூக்கடைக்குள் புகுந்துகொள்வாராம்.

இந்தக் கதை இப்படியே கிடக்க, நல்லகாமன் அண்ணன் புதுப் போன் ஒன்றை வாங்கினார். வேறு எங்கே, அந்த ஏசிக் கடையில்தான். ஷேர் ஆட்டோவை என் வாசலில் நிறுத்திவிட்டு வந்தார்.

"தங்கச்சி, முழுப் போனுக்குத்தான காசு குடுத்தேன்? மேல கொஞ்சம் கீழ கொஞ்சம் எவன் புடிச்சு வச்சிருக்கான்?" என்று போனை நீட்டினார்.

அவர் ஆடுகிற கேரம் விளையாட்டு திரையில் இருந்தது. இப்போது வருகிற போன்களெல்லாம் முருங்கைக்காய் மாதிரி நீளம். பழைய விளையாட்டுகள் குட்டைத் திரையை மனதில் வைத்துச் செய்தவை. நீளப் போனில் திறந்தால் மேலேயும் கீழேயும் கருப்பாக ஒரு பட்டை விழும். இது கோளாறில்லை என்று சொல்லிப் பார்த்தேன். கேட்கிற ஆளா? "துக்க வீட்டு பேனர் மாதிரி இருக்கு தங்கச்சி" என்றார். செட்டிங்ஸுக்குள் போய், அந்த விளையாட்டை மட்டும் முழுத்திரைக்கு மாற்றிக் கொடுத்தேன். பட்டை போய்விட்டது. ஆனால் எதிராளியின் பெயரும் படமும் இருக்கிற வரிசை மேலே ஏறி, முன்கேமரா ஓட்டைக்கும் மணி காட்டுகிற இடத்துக்கும் அடியில் போய்ப் பதுங்கிக்கொண்டது.

"அண்ணே, எதுக்க ஆடுறவங்க பேரு தெரியாதே, பரவாயில்லையா?"

"யாருகூட ஆடுறேன்னு எனக்குத் தெரியாதா? இப்புடியே இருக்கட்டும்" என்று சிரித்துக்கொண்டே போனார்.

இரண்டு வாரம் போயிருக்கும். ஒரு மத்தியானம் தமிழ்வாணியக்கா கழுத்தில் கிடந்த அளவு டேப்பைக்கூடக் கழற்றாமல் கடைக்குள் வந்தார். கண்ணெல்லாம் சிவந்திருந்தது.

"ஏ ஆன்சி, நீயும் ஒரு பொம்பளைதான? எம் புருசனுக்கு நீயே மறைச்சுக் குடுத்துருக்க!"

எனக்கு ஒன்றும் புரியவில்லை. ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார வைத்தேன். விஷயம் இதுதான். அண்ணன் மத்தியானச் சாப்பாட்டுக்கு வீட்டுக்கு வருகிறார். சாப்பிட்டதும் கட்டிலில் சாய்ந்து போனைத் திறக்கிறார். யாரோ ஒருத்தரோடு தினமும் அதே நேரத்துக்குக் கேரம். ஆடுவது போதாதென்று நடுநடுவே ஏதோ எழுதுகிறார், வந்த பதிலைப் படித்துவிட்டுக் குலுங்கிக் குலுங்கிச் சிரிக்கிறார். அக்கா பக்கத்தில் போனால் போனை மார்போடு சாய்த்துக்கொள்கிறார்.

"என்னையப் பாத்து அப்புடிச் சிரிச்சு எம்புட்டு நாளாச்சு தெரியுமா? நேத்து மெதுவா எட்டிப் பாத்தேன். பேரு இருக்குற எடத்துல ஓட்டைதான் இருக்கு. படத்துல ஒரு ஓரந்தான் தெரியுது. பூவு. தலை நெறையப் பூ வச்ச எவளோ ஒருத்தி."

"அக்கா, அது கருப்புப் பட்டை வேணாம்னு அவரு கேட்டதால..."

"எனக்கு அந்தப் பட்டை வேணும். திருப்பிப் போட்டுக் குடு."

அடுத்தவர் போனை அவர் இல்லாதபோது தொடுவதில்லை என்று ஒரு வைராக்கியம் எனக்கு உண்டு. அதைச் சொன்னேன். அக்கா சேலைத் தலைப்பால் மூக்கைத் துடைத்துக்கொண்டார். "இருவது வருசமா ஒருத்தன் சட்டைக்குப் பட்டன் தச்சுக்கிட்டு இருக்கேன்டி. அவன் யாரைப் பாத்துச் சிரிக்கிறான்னு தெரிஞ்சுக்கக் கூடாதா?" என்று கேட்டார். 

மறுநாள் நல்லகாமன் அண்ணனே வந்து போனைக் கொடுத்தார். மேல் கண்ணாடி கீறிவிட்டதாம், புதுசு ஒட்ட வேண்டுமாம். "ஒரு ட்ரிப் அடிச்சுட்டு வாரேன் தங்கச்சி" என்று ஆட்டோவை எடுத்தார். ஆட்டோ கண்ணை விட்டு மறையக்கூட இல்லை, அதற்குள் அக்கா என் முன்னால் நின்றார். ஜன்னலுக்குப் பக்கத்தில்தானே தையல் மிஷின்.

போனின் பூட்டை அவரே திறந்தார். விளையாட்டையும் அவரே திறந்தார். "பட்டையப் போடு" என்றார். நான் என் வைராக்கியத்தை ஓரமாக வைத்துவிட்டு, செட்டிங்ஸில் முழுத்திரையை எடுத்துவிட்டேன். என்ன செய்வது, எனக்கும் அவள் யாரென்று தெரிய வேண்டியிருந்தது. விளையாட்டு மூடித் திறந்தது. மேலேயும் கீழேயும் கருப்புப் பட்டை விழுந்தது. சரியாக அந்த நேரம் பார்த்து, ஆட்டத்துக்கு வரச் சொல்லி எதிரிலிருந்து அழைப்பு வந்தது. அக்கா பட்டென்று அதைத் தொட்டுவிட்டார்.

பட்டைக்குக் கீழே படமும் பெயரும் முழுசாகத் தெரிந்தன. பூதான். ஆனால் எந்தப் பெண்ணின் தலையிலும் இல்லை. ஒரு லோடு வண்டி நிறையச் சம்பங்கி மூட்டை, அதன் மேல் கையை ஊன்றிக்கொண்டு ஒரு ஆள். பக்கத்தில் மொக்கைச்சாமி என்று பெயர்.

எனக்கு அப்பாடா என்றிருந்தது. "பாத்தியளாக்கா? போயும் போயும் உங்க அண்ணனைச் சந்தேகப்பட்டுட்டீங்களே" என்று சிரித்தேன். அக்கா சிரிக்கவில்லை. முகம் இன்னும் சுண்டிப்போனது.

"எவளாவது இருந்துருந்தாக்கூட நாலு வார்த்தை கேட்டுருப்பேன்டி. இதுக்கு நான் யாருகிட்டப் போயிக் கேக்குறது? இந்த மனுசனுக்குக் கேரம் சொல்லிக் குடுத்ததே நான்தான். எனக்குச் சொல்லிக் குடுத்தது இந்தப் படத்துல நிக்கிற மனுசன். இப்ப என்னைய விட்டுப்புட்டு அவுக ரெண்டு பேரும் ஆடுறாக. மார்க்கெட்ல என்னையக் கண்டா ஓடி ஒளியத் தெரியுது, மாப்ளகூட மட்டும் சிரிச்சுச் சிரிச்சு ஆடத் தெரியுதோ?"

பொறாமையில் இத்தனை ரகம் உண்டென்று எனக்கு அன்றைக்குத்தான் தெரிந்தது. முந்தைய நாள் வந்தபோது அவரிடம் கோபம் இருந்தது. இப்போது பந்தியில் பாதியில் எழுப்பிவிட்டது போன்ற முகம்.

அதற்குள் ஆட்டம் தொடங்கிவிட்டது. மொக்கைச்சாமி முதலில் அடித்து ஒரு காயைப் போட்டார். அடுத்த அடி தவறியது. அக்காவின் முறை. அக்கா ஆத்திரத்தோடு விரலை இழுத்துவிட்டார். காயை அடிக்கிற ஸ்ட்ரைக்கரே நேராகப் போய்க் குழியில் விழுந்தது. உடனே எதிரிலிருந்து எழுத்து வந்தது. "என்ன மாப்ள, கை நடுங்குது? தமிழு திட்டிப்புட்டாளா?"

தமிழு என்று அக்காவைக் கூப்பிடுவது அந்த ஒருவர்தான். அக்கா அந்த வரியையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு ஒவ்வொரு எழுத்தாகத் தேடித் தேடி அடித்தார். "மாப்ள இல்ல. நான் தமிழு."

அடுத்தது மொக்கைச்சாமியின் முறை. அவர் பெயரைச் சுற்றி ஓடுகிற பச்சைக் கோடு குறைந்துகொண்டே வந்தது. அவர் அடிக்கவில்லை. நேரம் தீர்ந்து முறை அக்காவுக்கு வந்தது. ஆட்டத்தை விட்டுப் போய்விட்டார் என்றுதான் நான் நினைத்தேன். போயிருந்தால் போனே சொல்லியிருக்கும். படமும் பெயரும் அங்கேயேதான் இருந்தன. அக்கா ஒரு காயைப் போட்டார். இன்னொன்றையும் போட்டார். அடுத்த அடி தவறியது. மறுபடியும் பச்சைக் கோடு ஓடத் தொடங்கியது, மறுபடியும் அவர் அடிக்காமல் இருந்தார். பேசவும் இல்லை, போகவும் இல்லை. அக்காவின் உதடு துடித்தது.

"எனக்கு விட்டுக் குடுக்குறாராம்டி" என்றார் அக்கா. கண்ணில் தண்ணீர் கோத்துக்கொண்டது. "எம் புருசன்கூட மட்டும் மல்லுக்கட்டி ஆடுவாரு. நான்னா விட்டுக் குடுத்துட்டுக் கெளம்பிரலாம்னு பாக்குறாரு. யாருக்கு வேணும் இவரு தர்மம்?"

சொல்லிக்கொண்டே போனில் எழுதினார். "ஒழுங்கா ஆடுண்ணே. இல்லாட்டி எந்திரிச்சுப் போ."

பச்சைக் கோடு பாதிக்குக் கீழே போய்விட்டது. நான் போனைப் பார்க்காமல் அக்காவைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். திடீரென்று ஸ்ட்ரைக்கர் பாய்ந்தது. இரண்டு காய்கள் ஒரே அடியில் குழிக்குள் போயின. அடுத்த அடியில் இன்னொன்று. அதற்கடுத்து, அக்கா குழி ஓரத்தில் தயாராக வைத்திருந்த காயை வேண்டுமென்றே தட்டி நடுவுக்குத் தள்ளிவிட்டார் அந்த அண்ணன்.

"பாத்தியாடி அநியாயத்த!" என்று அக்கா கத்தினார். சிரிப்பும் அழுகையும் ஒன்றாக வந்து மூக்கு ஒழுகியது. அதைத் துடைக்கக்கூட விரலை எடுக்கவில்லை.

நல்லகாமன் அண்ணன் ட்ரிப் முடித்து வந்து நின்றதை நாங்கள் இரண்டு பேரும் கவனிக்கவில்லை. அவர் கண்ணில் முதலில் பட்டது திரைதான். "ஐயையோ, பட்டையை யாரு போட்டா?" என்றார். பிறகுதான் போன் யார் கையில் இருக்கிறது என்று உறைத்தது. முகம் வெளுத்துவிட்டது.

"தமிழு... இல்ல வாணி, நான் சொல்லணும்னுதான் இருந்தேன். மச்சான்தான் சொல்ல வேணாம்னு..." என்று இழுத்துக்கொண்டே போனுக்காகக் கையை நீட்டினார்.

அக்கா தலையைத் தூக்காமல் அந்தக் கையைத் தட்டிவிட்டார்.

"சும்மா இருங்க. எங்கண்ணன் ஆடுறாக."