ஆட்கொணர்வு மனுவில் என் பெயர்

தம்பி தன் மூன்று வயது மகளைத் தூக்கிக்கொண்டு மலையில் இருக்கும் என் வீட்டுக்கு வந்தபோது, இரண்டு நாளில் திரும்பிவிடுவான் என்றுதான் நினைத்தேன். மனைவியோடு சண்டை. அவளைப் போளூரில் அவள் அம்மா வீட்டில் விட்டுவிட்டுக் குழந்தையை மட்டும் எடுத்து வந்திருந்தான்.

"நீ பாத்துக்கோக்கா. அவ வந்தா குடுக்காத" என்று சொல்லிவிட்டுத் திருப்பூருக்கு வேலைக்குப் போய்விட்டான்.

எனக்குப் பிள்ளையில்லை. அங்கன்வாடியில் சமைக்கிறேன், குழந்தையையும் கூடவே அழைத்துப் போவேன். முதல் வாரம் முழுக்க அம்மாவைக் கேட்டு அழுதாள். பிறகு தூக்கத்தில் மட்டும். பிறகு அதுவும் நின்றது. நின்றதில் எனக்கு உள்ளூரச் சந்தோஷம். இன்று அதை எழுதக் கூசுகிறது.

நான்காவது மாதம் தம்பி மனைவி தேடி வந்தாள். காலை பஸ்ஸில் அவளைப் பார்த்தவர் யாரோ தம்பிக்குச் சொல்ல, அவன் எனக்குப் போன் செய்தான். வீட்டைப் பூட்டிவிட்டுக் குழந்தையோடு சாமைக் காட்டு மேட்டில், ஒரு புளியமரத்துக்குப் பின்னால் போய் உட்கார்ந்தேன். கீழே அவள் வீடு வீடாக விசாரிக்கும் குரல் எங்களுக்குக் கேட்டது. குழந்தை எழுந்து நிற்கப் பார்த்தாள். இழுத்து மடியில் போட்டு, வாயில் வெல்லத்தை வைத்தேன். மதிய பஸ் அவளை ஏற்றிக்கொண்டு மலை இறங்கிய பிறகுதான் வீட்டுக்கு வந்தோம்.

ஒரு மாதம் கழித்து போலீஸ் ஜீப் வந்தது. பெண் காவலர் நீட்டிய தாளில் தம்பி பெயருக்குக் கீழே என் பெயர் இருந்தது.

"இன்னாங்க இது?"

"ஆட்கொணர்வு மனு. கொழந்தைய அடச்சி வெச்சிகினு கீறீங்கன்னு அதோட அம்மா ஐகோர்ட்ல போட்டுக்கிறாங்க. நாளன்னிக்கி கொழந்தையோட மெட்ராஸ் வரணும்."

"சோறு போட்டு வளக்கறேங்க. நான் இன்னாத்துக்கு அடச்சி வெக்கறேன்?"

"அத ஜட்ஜுகிட்ட சொல்லுங்க."

நீதிமன்றத்தில் அம்மா கையை நீட்டினாள். குழந்தை என் தோளில் முகத்தைப் புதைத்துக்கொண்டது. தம்பிக்குப் பெருமை தாங்கவில்லை. அப்போது இரண்டு நீதிபதிகளில் ஒருவர் என்னைக் கேட்டார்: "அவங்க உங்க ஊருக்கு வந்தப்போ வீடு பூட்டியிருந்ததுன்னு சொல்றாங்க. நீங்க எங்க இருந்தீங்க?"

ஆலங்காயத்தில் உறவுக்காரர் வீட்டுக்குப் போயிருந்ததாகச் சொல்லச் சொல்லியிருந்தான் தம்பி. அவளைப் பார்த்தேன். அவள் என்னைப் பார்க்கவில்லை. குழந்தையின் தலைமுடியை நான் ஒட்ட வெட்டியிருந்தேன், அதையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"காட்டுல ஒளிஞ்சிருந்தேங்க. கொழந்தையும் இருந்துச்சி. இவங்க கூப்ட்டது எங்களுக்குக் கேட்டுச்சி."

தம்பி தலையில் கை வைத்துக்கொண்டான்.

குழந்தை அம்மாவிடம் இருக்கட்டும், அப்பா ஞாயிற்றுக்கிழமைகளில் போய்ப் பார்க்கலாம் என்று உத்தரவானது. வராந்தாவில் அவள் வாங்கிக்கொண்டபோது குழந்தை "அத்தே, அத்தே" என்று கதறியது. கதறுகிற பிள்ளையை இறுக்கிக்கொண்டே அவள் கேட்டாள்:

"ராவுல இன்னா சாப்புடுது அண்ணி?"

"பால்சோறு. வெதுவெதுன்னு இருக்கணும்."

தம்பி என்னோடு பேசுவதில்லை. குழந்தையைப் பார்க்க இரண்டு ஞாயிறு போனான், பிறகு போகவில்லை. நான்தான் மாதம் ஒருமுறை போளூர் போகிறேன். அவள் காபி தருகிறாள், நன்றாகத்தான் பேசுகிறாள். ஆனால் கடைவரைக்கும் குழந்தையைக் கூட்டிப் போனால்கூட, செருப்பை மாட்டிக்கொண்டு பின்னாலேயே வருகிறாள். குறை சொல்ல எனக்கு வாயில்லை.